ஹெலிகாப்டரில் ஒருவருக்குத்தான் இடம்

ஸ்ரீரங்கத்தில் எங்கள் எதிர்வீட்டுக்காரர் ஒரு கர்னல். ராணுவ டாக்டர். பனிமலை, எல்லை என்று சர்வீஸ் முழுக்க அலைந்துவிட்டு, ஓய்வு பெற்றதும் பிறந்த ஊருக்கே வந்தவர். தெருவில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் கூப்பிடாமலே வந்து பார்ப்பார்.

போன மாதம் மன்னார்புரத்தில், பணியில் இறந்த வீரர்களின் குடும்பங்களுக்கு ஒரு பாராட்டு விழா. கர்னல்தான் சிறப்பு விருந்தினர். துறையூரிலிருந்து வந்திருந்த செல்லம்மாளுக்குப் பொன்னாடை போர்த்தினார். அந்த அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு என்ன கேட்டார் தெரியுமா?

"நீங்க டாக்டராமே... எம் மவன் கருணாகரனுக்கு அடிபட்டப்ப உங்கள மாதிரி ஒருத்தர் பக்கத்துல இருந்திருந்தா பொழச்சிருப்பான்ல?"

கர்னல் கும்பிட்டுவிட்டு மேடையை விட்டு இறங்கிவிட்டார். ஏனென்றால்... பக்கத்தில் இருந்த டாக்டரே அவர்தான்!

அன்றிலிருந்து அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு வந்தார்.

"துறையூர் வரைக்கும் கார் ஓட்டுவீங்களா? தனியாப் போக மனசு வரலை."

போனோம். செல்லம்மாள் எங்களை உட்காரவைத்துக் காபி கொடுத்தார். கர்னல் டம்ளரைத் தொடவே இல்லை. நேராகச் சொன்னார்.

"அம்மா, அன்னைக்கு அங்க இருந்த டாக்டர் நான்தான்."

எல்லையில் குண்டு வெடித்து இரண்டு பேருக்குப் படுகாயம். மோசமான வானிலை. அதையும் மீறி வந்த ஹெலிகாப்டரில் ஒருவருக்குத்தான் இடம். கருணாகரனுக்கு வயிற்றில் காயம்... தேறுவது கடினம். இன்னொருவனுக்குக் கால் போயிருந்தது... உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனால் பிழைக்க வாய்ப்பு உண்டு. கர்னல் அவனை ஏற்றினார்.

"எம் மவன் ஏதாவது சொன்னானா?"

"நான் தமிழ்ல பேசினதும், 'சார், நீங்க நம்ம ஊரா? என்னைய முதல்ல அனுப்புங்க சார்'னு கேட்டான். கடைசி வரைக்கும் அவன் கையைப் பிடிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன்."

செல்லம்மாள் நிமிர்ந்து கர்னலைப் பார்த்தார். பிறகு கேட்டார்.

"அந்தப் புள்ளையாவது நல்லா இருக்கா?"

இங்கே ஒரு பொய் சொல்லியிருக்கலாம். நானாக இருந்தால் சொல்லியிருப்பேன். கர்னல் சொல்லவில்லை.

"இல்லம்மா. ஆஸ்பத்திரியில சேர்த்தும் காப்பாத்த முடியலை."

"அப்ப எம் புள்ளையையே ஏத்தியிருக்கலாமே, சார்."

கோபமாகச் சொல்லவில்லை. அழவும் இல்லை. காபி டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனவர், நாங்கள் கிளம்பும்வரை வெளியே வரவே இல்லை.

காரில் நான்தான் பேச்சை ஆரம்பித்தேன். "நீங்க செஞ்சதுல தப்பு எதுவும் இல்லையே, சார்?"

"தப்பே இல்லைங்க. இன்னைக்கும் அதே ரெண்டு பேர் கிடந்தா அதையேதான் செய்வேன்." ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "இதைப் போய் அந்தம்மாகிட்ட எப்படிச் சொல்றது?"

கொள்ளிடம் பாலம் வந்தது.

தப்பு செய்தவனாவது மன்னிப்பு கேட்கலாம். சரியாகச் செய்தவன் என்ன கேட்பான்?