தன் அப்பாவுக்கு எதிராகக் கை தூக்கியவள்

எஸ்தர் இறந்த செய்தி எங்கள் காம்பவுண்டுக்குக் காலையில், குழாயில் தண்ணீர் வரும் நேரத்தில் வந்தது. லிங்கராஜபுரத்தில் காவேரித் தண்ணீர் வரும் நாளில் எல்லோரும் வாசலில்தான் நிற்போம். அப்பா பல் தேய்த்துக்கொண்டிருந்தார். அம்மா வாளிகளை வரிசையாக வைத்துக்கொண்டிருந்தாள். மாடி வீட்டு நூர் ஆன்ட்டி, போனைக் காதிலிருந்து எடுக்காமலே படியிறங்கி வந்தார்.

"எஸ்தர் போயிட்டா மா," என்றார். "ஆஸ்பத்திரியிலேருந்து அவ அப்பா தேவராஜ் பாய் பேசறாரு."

டெங்கு என்று சேர்த்திருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை வந்துவிடுவாள் என்றும் சொல்லியிருந்தார்கள். அம்மா குனிந்து, சம்ப் தொட்டியின் இரும்பு மூடியைச் சத்தம் வராமல் மூடினாள். மூடிய பிறகும் உள்ளே தண்ணீர் விழும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

நம் வகுப்பில் நடத்திய மாதிரி நீதிமன்றத்தில் நான் பதிவாளராக இருந்ததால், எஸ்தரைப் பற்றி நான்தான் எழுதி வாசிக்க வேண்டும் என்று மிஸ் சொன்னார். நான் அவளுக்குப் பக்கத்து வீடு என்பது உங்களுக்குத் தெரியும். அந்த வீட்டுப் பேச்சே எங்கள் வீட்டில் எடுக்கக் கூடாது என்று அப்பா சொல்லியிருப்பது உங்களுக்குத் தெரியாது. அதனால் எல்லோரும் தூங்கிய பிறகு சமையலறையில் உட்கார்ந்து எழுதுகிறேன். அப்பா இருமும்போதெல்லாம் விளக்கை அணைத்துவிடுகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் அதுதான் காரணம்.

ஆற்று வழக்கை நீங்கள் யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். மேலே ஒரு நாடு, கீழே ஒரு நாடு, நடுவில் ஓர் ஆறு. மேல்நாடு அணை கட்டுகிறது, கீழ்நாடு உலக நீதிமன்றத்துக்குப் போகிறது. நீதிபதிகளில் தன் நாட்டவர் யாரும் இல்லையென்றால், அந்த ஒரு வழக்குக்கு மட்டும் ஒருவரைத் தேர்ந்தெடுத்து உட்கார வைக்கும் உரிமை ஒரு நாட்டுக்கு உண்டு என்று மிஸ் சொன்னதும், கீழ்நாட்டு அணி உடனே எஸ்தரின் பெயரைச் சொன்னது. பூஜா எழுந்து, "ஆறுன்னதும் தமிழ்ப் பொண்ண கூப்பிட்டுட்டாங்க, கேஸ் முடிஞ்சுபோச்சு, வாங்க கேன்டீனுக்குப் போலாம்," என்றாள். எல்லோரும் சிரித்தோம். காவேரிச் சண்டை நடக்கும் இந்த ஊரில் ஆற்றுப் பேச்சு வந்தால், தமிழ் பேசும் நானும் சிரிப்பேனே தவிர வாயைத் திறக்க மாட்டேன். எஸ்தரும் சிரித்தாள். பிறகு போய் நீதிபதி நாற்காலியில் உட்கார்ந்தாள்.

கடைசியில் அவள் சொன்னது கீழ்நாட்டுக்குப் பிடிக்கவில்லை. அணை கட்டுவதே குற்றம் என்று சொல்ல முடியாது. ஆறு இரண்டு பேருக்கும் பொது, இரண்டு பேரும் நியாயமான அளவில் பயன்படுத்தலாம். ஆனால் முன்கூட்டியே சொல்லாமல் கட்டியது தவறு, கீழே இருப்பவர்களுக்குப் பெரிய கெடுதல் வராமல் பார்த்துக்கொள்வது மேல்நாட்டின் கடமை என்றாள். கீழ்நாட்டு அணி அவளிடம் ஒரு வாரம் பேசவில்லை. பஸ் ஸ்டாப்பில் நான், "உன்ன உக்கார வெச்சதே அவங்கதானேடி?" என்று கேட்டேன்.

"உக்கார வெச்சாங்க, வக்கீலா வெக்கல," என்றாள். "அவங்க சொன்னத அந்த ரூம்ல ஒருத்தராவது முழுசா காது குடுத்து கேக்கணும். அதுக்குத்தான் நான். கேட்டேன். கேட்டப்பறம்தான் அணையே குத்தம்னு அவங்க சொன்ன பாதி தப்புன்னு தெரிஞ்சுது."

இன்னொரு நாள் பூஜா கேட்டாள்: அந்த நீதிமன்றத்துக்குப் போலீஸ் கிடையாது, ஒரு நாடு ஒப்புக்கொள்ளாமல் அதன்மேல் வழக்கே நடத்த முடியாது, அப்புறம் எதற்கு அது? மிஸ் பதில் சொல்வதற்குள் எஸ்தர், "போலீஸ் இல்லாததாலதான் தீர்ப்ப அவ்ளோ நல்லா எழுதணும்," என்றாள். "படிச்சா தோத்தவனுக்கே வெக்கம் வரணும்."

நம் வகுப்புக்குத் தெரிந்த எஸ்தர் இவ்வளவுதான். இனி எழுதப்போவது எங்கள் காம்பவுண்டுக்கு மட்டும் தெரிந்தது.

எங்கள் இரண்டு வீட்டுக்கும் ஒரே சம்ப். நிலத்துக்கு அடியில் இருக்கும் அந்தத் தொட்டியின் வாய் எஸ்தர் வீட்டு வாசல் பக்கம் இருக்கிறது. போன கோடையில் தண்ணீர் சரியாக வராதபோது, எங்கள் அப்பா சம்ப் தண்ணீரில் ஆட்டோ கழுவுகிறார் என்று தேவராஜ் அங்கிள் மூடிக்குப் பூட்டுப் போட்டார். ஒவ்வொரு வாளிக்கும் அம்மா அவர்கள் கதவைத் தட்டிச் சாவி கேட்க வேண்டியிருந்தது. ஒரு நாள் அப்பா சுத்தியலை எடுத்துக்கொண்டு போனார். "பூட்ட ஒடைக்கறனா, மண்டைய ஒடைக்கறனா பாரு!" என்று அவர் கத்தியது தெருமுனை வரை கேட்டது. அங்கிளும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வெளியே வந்தார்.

எஸ்தர் போய்ச் சம்ப் மூடிமேல் உட்கார்ந்துகொண்டாள்.

"ரெண்டு பேரும் ஒத்துக்கிட்டா கோர்ட்டு வெக்கலாம்," என்றாள். "ஒத்துக்கலனா வெக்க முடியாது. ஆனா நான் இங்கேருந்து எந்திரிக்க மாட்டேன். எனக்கு இன்னிக்கு ஹோம்வொர்க் கூட இல்ல."

நூர் ஆன்ட்டிதான் முதலில் சிரித்தார். "அரே, கொழந்த சொல்றது சரிதானே பாய்? ஸ்வல்ப உக்காந்து பேசுங்க."

எஸ்தர் எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்தாள். தீர்ப்பு வரும்வரை யாரும் எதையும் மோசமாக்கக் கூடாது என்று ஓர் இடைக்கால உத்தரவு: பூட்டை உடைக்கக் கூடாது, ஆனால் தண்ணீர் நேரத்தில் மூடி திறந்திருக்க வேண்டும். இரண்டு பக்கமும் ஆளுக்கொரு நீதிபதியைச் சொல்ல வேண்டும், நூர் ஆன்ட்டி நடுவில். தேவராஜ் அங்கிள் யோசிக்கவே இல்லை. "எம் பொண்ணு," என்றார். அப்பா, "எங்க வீட்டு ஜட்ஜு எங்க வீட்டம்மா," என்றார். அம்மா புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். பதிவாளர் வழக்கம்போல் நான்.

அவரவர் நீதிபதி அவரவர் பக்கம்தான் என்று இரண்டு அப்பாக்களும் நினைத்தார்கள். நூர் ஆன்ட்டியை மட்டும் சமாதானப்படுத்தினால் போதும் என்று இரண்டு பேரும் அவரைப் பார்த்தே பேசினார்கள். அங்கிள் பூட்டைப் பற்றிப் பேசினார், அப்பா தானும் வாடகை கொடுப்பதால் சம்ப்பில் பாதி தன்னுடையது என்றார். எஸ்தர் இரண்டு பேரையும் கடைசி வரை பேசவிட்டாள். தன் அப்பாவிடம், "அவங்ககிட்ட சொல்லிட்டா பூட்டு போட்ட?" என்று மட்டும் கேட்டாள். அங்கிள் மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிட்டார்.

பொதுச் சொத்தை ஒருவர் பூட்டி வைக்க முடியாது, சாவி நடுச்சுவரில் இரண்டு பேர் கைக்கும் எட்டும் இடத்தில் தொங்க வேண்டும் என்பதற்கு முதலில் கை தூக்கியவள் எஸ்தர். நூர் ஆன்ட்டியும் அம்மாவும் பிறகுதான் தூக்கினார்கள். சம்ப் தண்ணீரில் ஆட்டோ கழுவக் கூடாது என்பதற்கும் எஸ்தர் கை தூக்கினாள், நூர் ஆன்ட்டியும் தூக்கினார். அம்மா தூக்கவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அம்மாவைப் போலத்தான் நானும்; எங்கள் வீட்டில் அப்பா குரல் உயர்ந்தால் நாங்கள் இரண்டு பேரும் தரையைத்தான் பார்ப்போம்.

தீர்ப்பை நான் வாசித்தேன். தேவராஜ் அங்கிள் உள்ளே போய்ச் சுத்தியலும் ஓர் ஆணியும் கொண்டு வந்து நடுச்சுவரில் அவரே அடித்தார். "பெத்த பொண்ணே தோக்கடிச்சிட்டா," என்று நூர் ஆன்ட்டியிடம் சொன்னபோது அவர் முகத்தில் கோபம் இருந்த மாதிரித் தெரியவில்லை. அப்பாவும் ஆட்டோவை ஹொரமாவு பக்கம் ஒரு வாட்டர் சர்வீஸ் கடைக்குக் கொண்டுபோனார். திட்டிக்கொண்டேதான் போனார். ஆனாலும் போனார். போலீஸ் வரவில்லை, ஓனர் வரவில்லை. ஓர் ஆணியும் ஒரு சாவியும் இந்தக் காம்பவுண்டை அமைதியாக வைத்திருந்தன.

அடக்கம் முடிந்ததும் தேவராஜ் அங்கிளும் எஸ்தரின் அம்மாவும் தொம்மலூரில் இருக்கும் அங்கிளின் தங்கை வீட்டுக்குப் போனார்கள். அன்றைக்கே அப்பா சாவியை எடுத்து உள்ளே வைத்தார். "ஆள் இல்லாத வீடு, பத்திரமா இருக்கட்டும்," என்றார். மறுநாள் வாசலில் ஆட்டோவைக் கழுவினார். அவர்கள் திரும்பி வந்த பிறகும் சாவி ஆணிக்குத் திரும்பவில்லை. அம்மா மெதுவாகக் கேட்டுப் பார்த்தாள். "வந்து கேக்கட்டும், குடுக்கறேன். நாம கேட்டோம்ல? இப்ப ஜட்ஜும் இல்ல, கோர்ட்டும் இல்ல," என்றார் அப்பா. அந்த வீட்டைப் பற்றிப் பேசக் கூடாது என்று சொன்னதும் அப்போதுதான்.

அவர்கள் வந்து கேட்கவில்லை. எஸ்தரின் அம்மா மாடிக்கு ஏறி, நூர் ஆன்ட்டி வீட்டிலிருந்து ஒரு குடம் தண்ணீர் எடுத்துக்கொண்டு இறங்குவதை ஜன்னல் வழியாகப் பார்க்கிறேன். ஆணிக்குப் பக்கத்தில் வரும்போது அவர் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். பெண்ணைப் புதைத்துவிட்டு வந்தவர் தண்ணீருக்காக எங்கள் கதவைத் தட்ட வேண்டும் என்று அப்பா காத்துக்கொண்டிருக்கிறார். சாவியை எடுத்து மாட்டலாம் என்று நினைக்கும்போதே அப்பா இருமுகிறார், விளக்கை அணைத்துவிடுகிறேன். எஸ்தர் இருந்திருந்தால், "பயந்தாங்கொள்ளி, நீ பதிவாளர்டி, தீர்ப்பு உன் கையெழுத்துலதான் இருக்கு," என்று சொல்லியிருப்பாள்.

இந்த இடத்தில் எழுதுவதை நிறுத்தினேன். அம்மா வந்து நின்றிருந்தாள். விளக்கை அணைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. அம்மா நான் எழுதியதை எல்லாம் நின்றபடியே படித்தாள். தான் தரையைப் பார்த்ததாக நான் எழுதிய இடத்தில் விரலை வைத்தாள். அந்த வரியை அடித்துவிடச் சொல்வாள் என்று நினைத்தேன்.

"இருக்கட்டும், வாசி," என்றாள். தாளை என் பக்கம் தள்ளி வைத்து, "காக்கி சட்டைப் பாக்கெட்ல இருக்கு சாவி. ஆணி ஸ்வல்ப ஆடுது. பாத்து மாட்டு," என்று சொல்லிவிட்டுப் போய்ப் படுத்துக்கொண்டாள்.

சாவி இப்போது இந்தத் தாளின் மேல் இருக்கிறது. எழுதி முடித்ததும் கொண்டுபோய் மாட்டுவேன். காலையில் அப்பா கேட்பார். என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியவில்லை.

எஸ்தரிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது ஒன்றுதான். அன்றைக்குப் பதிவாளராக எதிரில் உட்கார்ந்திருந்ததால் அதை நான் மட்டும் பார்த்தேன். கை தூக்கும்போது அவள் தரையைப் பார்க்கவில்லை, நூர் ஆன்ட்டியையும் பார்க்கவில்லை. தன் அப்பாவின் முகத்தைப் பார்த்தபடியே தூக்கினாள். அவர் கண் கலங்கியது, அவளுக்கும் கலங்கியது. கையை மட்டும் அவள் இறக்கவில்லை.

காலையில் அப்பா கேட்கும்போது நானும் அவர் முகத்தைப் பார்ப்பேன்.