பயந்த பூனைக்கு அவள் செய்யும் வைத்தியம்

என் மனைவி கால்நடை ஆஸ்பத்திரியில் கம்பவுண்டர். வருகிற நாயின் வாலைப் பார்த்தே அந்த வீட்டின் லட்சணத்தைச் சொல்லிவிடுவாள். போன வாரம் ஒரு பெரிய மனுஷர் தலையைச் சொறியக் கையைத் தூக்கினாராம். அவருடைய நாய் பெஞ்சுக்கு அடியில் போய்ப் பதுங்கிவிட்டது. "வீட்டுல கை நீட்டுவீங்களோ?" என்று முகத்துக்கு நேரே கேட்டுவிட்டு வந்தாள்.

அவ்வளவு கெட்டிக்காரிக்கு எங்கள் வீட்டு விஷயம் தெரியாது. தெருமுனையில் அவள் ஸ்கூட்டர் ஹார்ன் இரண்டு தடவை கேட்டால் போதும், என் மடியில் இருக்கும் பூனை கட்டிலுக்கடியில் பாயும். மகள் பாடப் புத்தகத்தைத் தூக்குவாள். நான் தையல் மெஷினை மிதிப்பேன், ஊசியில் நூல் இருக்கிறதோ இல்லையோ. கெட்டவள் இல்லை ஐயா, தங்கமானவள். குரல்தான் கொஞ்சம் பெரிசு.

அன்று சாயங்காலம் மகள் கையைப் பிசைந்துகொண்டிருந்தாள். வங்கிப் பரீட்சை வகுப்புக்கு மட்டம் போட்டுவிட்டு, மூன்று மாதமாக ஒரு ஒர்க்‌ஷாப்பில் வண்டி ரிப்பேர் கற்றுக்கொண்டிருக்கிறாள். நாளைக்கே வேலைக்குச் சேரச் சொல்லிவிட்டார்கள். அம்மாவிடம் சொல்லாமல் சேர அவளுக்கு மனசு வரவில்லை.

"நீயே சொல்லேன்ப்பா."

"ஏம்மா, நான் நல்லா இருக்கிறது உனக்குப் பிடிக்கலையா?"

நாங்கள் சிரித்துக்கொண்டிருக்கும்போதே கதவு திறந்தது. ஹார்ன் சத்தமே இல்லை. வண்டி வழியில் நின்றுபோய், நடந்தே வந்திருக்கிறாள். பூனை பாய்ந்தது. மகள் புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்தாள். நான் மெஷினை மிதித்த மிதியில் வீடே அதிர்ந்தது. அதில் துணியே இல்லை.

அவள் கட்டிலுக்கடியில் பார்த்தாள், மகளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். முகம் சுருங்கிப்போயிற்று. எனக்குப் பாவமாக இருந்தது.

பையை ஓரமாக வைத்துவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள். ஆஸ்பத்திரியில் பயந்த பிராணிகளிடம் அப்படித்தான் உட்காருவாள். கண்ணைப் பார்க்க மாட்டாள். உள்ளங்கையை விரித்துத் தரையில் வைத்து, அதுவாக வரும்வரை வாயைத் திறக்க மாட்டாள்.

பூனை வரவில்லை. மகள்தான் வந்து பக்கத்தில் உட்கார்ந்து அந்தக் கையைப் பிடித்தாள். எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டித் தீர்த்தாள்.

மனைவியின் வாய் திறந்தது. அப்படியே மூடிக்கொண்டது. இருபத்தைந்து வருஷத்தில் நான் காணாத அதிசயம்!

"வண்டி மார்க்கெட் பக்கத்துல நிக்குது," என்றாள் கடைசியில். "நாளைக்கு வேலைக்குப் போறவளுக்கு அது பெரிய விஷயமா? வா, வந்து பாரு."

மகள் துள்ளிக் குதித்துச் செருப்பை மாட்டினாள். அவள் பின்னாலேயே போன மனைவி வாசலில் ஒரு நிமிஷம் நின்று கட்டிலைத் திரும்பிப் பார்த்தாள்.

"அப்படியே அந்த ஹார்ன் ஒயரைப் பிடுங்கிப் போட்டுடு."