இருபத்துநாலு வயதுக்குக் குறைந்த மரம்

அக்காவின் மதகைத் தாண்டி இருபத்துநாலு வருடமாக ஒரு சொட்டுத் தண்ணீர் உள்ளே போனதில்லை. கேட்டாலும் கேட்காவிட்டாலும் இதை அவளே சொல்லுவாள். கல்யாண வீட்டில் மற்றவர்கள் பிள்ளைகளின் மார்க்கைப் பேசினால் இவள் ஆற்றின் மட்டத்தைப் பேசுவாள்.

ஆற்றை ஒட்டி ஒரு கரை, அதில் அவள் மதகு. பின்னால் காடு. காட்டுக்கும் பின்னால் பெரிய கரை. ஊர் அதற்கு அப்பால் பத்திரமாக இருக்கிறது. முன்பெல்லாம் வெள்ளம் வருடாவருடம் காட்டுக்குள் புகுந்து, சில நாள் நின்று, வண்டலைப் போட்டுவிட்டுப் போகும். பிறகு ஒரு மரக் கம்பெனி வந்தது. அவர்களுடைய லாரிப் பாதை நனையக் கூடாதென்று முன்கரையும் மதகும் கட்டினார்கள். ஆறு எட்டடி ஏறினால் மதகை மூடு என்று உத்தரவு. முதல் நாளிலிருந்தே சக்கரம் சுற்றியவள் அக்காதான். ஐந்தாம் வருடம் கம்பெனி மூட்டை கட்டிவிட்டது; மதகும் அக்காவின் வேலையும் பொதுப்பணித் துறைக்குப் போயின. உத்தரவு மட்டும் சுவரிலேயே இருந்தது. அதைக் கழற்ற ஆணியடித்தவனே வரவேண்டும் போலிருக்கிறது!

நான் மோட்டார் மெக்கானிக். வருடத்துக்கு ஒருமுறை மதகுச் சக்கரத்துக்கு கிரீஸ் போடப் போவேன். போன வருடம் போனபோது அக்கா இஞ்ச் டேப்பின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு ஒரு மரத்தடியில் நின்றாள். மறுமுனையில் வனத்துறையிலிருந்து அளக்க வந்த பெண். காடு கிழடாகிவிட்டது, வெட்டி விற்றுவிடலாமா என்று மேலிடத்தில் யோசனையாம்.

மூன்று நாளில் நானூறு மரம் அளந்தார்கள். கடைசி நாள் அக்காவின் குவார்ட்டர்ஸ் வராந்தாவில் அந்தப் பெண் நோட்டைப் புரட்டினாள். காட்டுக்குள் இருக்கும் ஒரே வீடு அதுதான்.

"ஒண்ணு கவனிச்சீங்களா அக்கா? மரக்கன்னே இல்ல. இருக்கறதுலயே சின்னது இருபத்தஞ்சு வயசு."

"ஆடு மேஞ்சிருக்கும்," என்றேன், பெரிய நிபுணன் மாதிரி.

"இங்க ஆடு ஏது? இந்த மரத்து விதை வெள்ளம் வடிஞ்ச புது வண்டல்லதான் முளைக்கும். காஞ்ச தரையில விழுந்தா ரெண்டே வாரத்துல செத்துடும்."

அக்கா டீ கிளாஸைக் கீழே வைத்தாள். "இருபத்துநாலு வருஷம்," என்றாள். அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது. அக்காவின் முகத்தைப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

அந்தப் பெண் போனபின், "உத்தரவு போட்டவன் எவனோ. நீ என்ன பண்ணுவ?" என்றேன்.

"சக்கரத்தைச் சுத்தினது என் கைடா."

மதகைத் திறந்து வைக்க அனுமதி கேட்டு இரண்டு மனு போட்டாள். கிணற்றில் போட்ட கல். அதற்குள் ஆறு ஏறியது. ஒரு நாள் காலை பத்து மணிக்கு போன் வந்தது.

"வண்டி எடுத்துட்டு வா. சாமானெல்லாம் ஏத்தணும்."

"எதுக்கு?"

"எட்டடி தாண்டியாச்சு. நான் மூடல."

அலறியடித்துக்கொண்டு ஓடினேன். "உனக்கென்ன பைத்தியமா? பென்ஷனுக்கு இன்னும் மூணே வருஷம்! வேலை போச்சுன்னா என்ன பண்ணுவ?"

"தெரியும். மெத்தையப் பிடி."

கிளம்பும் முன் பதிவேட்டில் எழுதினாள்: "எட்டடி இரண்டு அங்குலம். மதகு மூடப்படவில்லை. முடிவு என்னுடையது." கீழே கையெழுத்து.

தண்ணீர் ஒன்பது நாள் நின்றது. வடிந்தபின் வீட்டுக்குள் நாலு விரல் உயரத்துக்கு வண்டல். மண்வெட்டியால் வழித்துக்கொண்டே அவளைத் திட்டினேன். மனதுக்குள் பெருமையாகத்தான் இருந்தது. வாய்விட்டுச் சொன்னால் தலையில் ஏறி உட்கார்ந்துகொள்வாள்.

இரண்டு வாரம் கழித்து அளக்க வந்த பெண் மறுபடி வந்தாள். பாய் விரிக்கிற அளவு இடத்தில் கன்றுகளை எண்ணத் தொடங்கி இருநூறோடு நிறுத்திக்கொண்டாள். ஒன்று அக்காவின் சமையலறை வாசல்படியில், சிமெண்ட் வெடிப்பில், இரண்டு இலையோடு நின்றது. அக்கா அதைத் தாண்டித் தாண்டித்தான் சமைத்தாள். வெட்டும் யோசனையை நிறுத்தி வைத்திருப்பதாகத் தகவல் வந்தது.

கூடவே அக்காவுக்கு மெமோவும் வந்தது. மதகை ஏன் மூடவில்லை, ஏழு நாளில் விளக்கம் தேவை.

அன்றைக்கே பதில் எழுதி, தபாலில் சேர்க்கச் சொல்லி என்னிடம் கொடுத்தாள். வழியில் பிரித்துப் படித்தேன்.

"இருபத்துநாலு வருடம் மதகை ஏன் மூடினாய் என்று யாரும் என்னிடம் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குப் பதில் தெரிந்திருக்காது. ஏன் மூடவில்லை என்பதற்குத் தெரியும். தயவுசெய்து நேரில் வந்து பார்க்கவும். கால் வைக்கும்போது கவனம், கன்றுகள் இருக்கின்றன."