சீமைத் துணிக்கு நாட்டு முத்திரை

என் அக்கா புருஷனை ஜவுளித் தெருவில் எல்லாரும் முத்திரை மாமா என்றுதான் கூப்பிடுவார்கள். உண்மையில் எனக்கு மட்டும்தான் அவர் மாமா. தெருவிலேயே பெரிய கடையின் பின்கட்டில், ஒவ்வொரு துணி பீஸின் முனையிலும் மரக்கட்டையால் முத்திரை குத்துவது அவர் வேலை. மை கூடினால் ஊறிவிடும், குறைந்தால் எழுத்து விழாது. மாமா குத்தினால் ஒரு புள்ளி பிசகாது. "இவரைப் பாத்தா கோழிகூட நகராது" என்று அக்கா கேலி செய்கிற அளவுக்குச் சாதுவான மனிதர்.

அக்கா அதற்கு நேர்மாறு. வெட்டு ஒன்று, துண்டு இரண்டு. வெள்ளைக்காரன் காலம் அது; சீமைத் துணி விற்கும் கடைகளுக்கு முன்னால் மறியல் செய்ய வேண்டும் என்று சுதேசிக் கமிட்டி சொன்னபோது, எங்கள் தெருவில் முதலில் பெயர் கொடுத்தவள் அவள்தான்.

மாமாவின் முதலாளிக்கு நான் மனசுக்குள் ஒரு பெயர் வைத்திருந்தேன். ரெண்டு மாலைக்காரர். காலையில் துரை வீட்டு விருந்தில் ஒரு மாலை, சாயங்காலம் தேசியக் கூட்டத்தில் ஒரு மாலை. கழுத்து என்னவோ ஒன்றுதான். அப்படி ஒரு கூட்டத்தில் மேடையேறி, "இனிமேல் என் கடையில் சீமைத் துணி ஒரு முழம்கூட விற்காது" என்று சத்தியம் செய்தார். கைதட்டல் அடங்கவே வெகுநேரம் ஆயிற்று. அக்கா அழுதேவிட்டாள்.

ஆனால் கிடங்கு நிறையச் சீமைத் துணி கிடந்தது. நாட்டு ஆலைகளோ கேட்ட அளவுக்கு நெய்து தர முடியாமல் திணறின. அடுத்த வாரமே மாமாவைக் கதவு சாத்திய ஓர் அறைக்கு மாற்றினார்கள். சீமை ஆலையின் முத்திரை இருக்கும் முனையைச் சலவைச் சோடா கரைத்த வெந்நீரில் நனைத்துத் தேய்க்க வேண்டும். மை போனதும் கஞ்சி போட்டு, இஸ்திரி போட்டு, மடிப்பை மாற்றி, 'சுத்த நாட்டுத் துணி' என்று புதுக் கட்டையால் குத்த வேண்டும். சிலவற்றில் எவ்வளவு தேய்த்தாலும் மை போகாது. அந்த முனைகளை மட்டும் அரை கஜம் வெட்டிவிடுவார்கள். வெட்டிய துண்டுகளை முதலாளி வீணாக்கவில்லை. கமிட்டிக்காரர்கள் சீமைத் துணி எரித்தபோது, மூட்டையாகக் கட்டிக் கொண்டுபோய்த் தன் கையாலேயே நெருப்பில் போட்டார். துண்டுக்குத் துண்டு சீமை முத்திரை இருந்தால் யாருக்குச் சந்தேகம் வரும்? அன்றைக்கும் ஒரு மாலை.

மாமா வீட்டில் வாயைத் திறக்கவில்லை. அக்காவோ எதிர்ச்சாரியில் இருந்த சின்னக் கடைக்கு முன்னால் கைகூப்பி நின்றாள். அந்தக் கடைக்காரர் சீமைத் துணியைச் சீமைத் துணி என்று சொல்லியே விற்றவர். வருகிறவர்களிடம் அக்கா, "இங்க வாங்காதீங்கம்மா. எதிர்ல பெரிய கடைக்குப் போங்க, எல்லாம் நம்ம ஊரு துணி" என்பாள். ஒரே மாதத்தில் சின்னக் கடைக்காரர் கடையைப் பூட்டிக்கொண்டு ஊரைவிட்டே போனார். போவதற்குள் போலீஸ் வந்து அக்காவையும் மற்றப் பெண்களையும் பிடித்துக்கொண்டு போயிற்று. மூன்று மாதச் சிறை.

திரும்பி வந்தபோது இருமலையும் கூட்டிக்கொண்டு வந்தாள். சிறை வாசலில் முதலாளி ஒவ்வொருத்திக்கும் மாலை போட்டு ஒரு வெள்ளைப் புடவை கொடுத்தார். வீட்டுக்கு வந்ததும் அக்கா அதைப் பிரித்து மாமாவிடம் நீட்டினாள். நானும் அங்கே இருந்தேன்.

"பாருங்க, நம்ம நூலு, நம்ம தறி. தொட்டாலே தெரியுது."

மாமாவின் முகம் செத்துப்போயிற்று. "அது நம்ம துணி இல்ல" என்றார். "இந்த ஓரம் மட்டும் மொறமொறன்னு இருக்கு பாரு. சோடாவுல தேச்சுக் கஞ்சி போட்ட இடம். என் கை வேலைதான்."

"எப்பலேர்ந்து?"

"அவரு சத்தியம் பண்ணின மறுவாரத்துலேர்ந்து."

"நான் தெருவுல நின்னப்பவும்?"

"ஆமா."

"நான் உள்ள இருந்தப்பவும்?"

அக்கா கத்துவாள் என்று நினைத்தேன். அவள் புடவையை மடித்து வைத்துவிட்டு, என்னைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு கமிட்டிச் செயலாளரிடம் போனாள்.

அவர் முழுதையும் கேட்டுவிட்டு, "தெரியும்மா" என்றார். "அவரு குடுக்கலேன்னா இந்த ஆபீஸ்ல விளக்கு எரியாது. ஜெயிலுக்குப் போனவங்க குடும்பத்துக்கு அரிசி யாரு குடுக்கறா? முதல்ல வெள்ளைக்காரன் போகட்டும். மத்ததை அப்புறம் பாத்துக்கலாம்."

"எதிர்க்கடைக்காரரை ஊரைவிட்டுத் தொரத்தினோமே, அதையும் அப்புறம் பாத்துக்கலாமா?" என்று கேட்டாள் அக்கா. அவர் காகிதத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார். அந்த மனுஷன்மேல் எனக்கு இன்றைக்கும் கோபம் தீரவில்லை. அவர் சொன்னது முழுப்பொய்யும் இல்லை என்பதுதான் கூடுதல் எரிச்சல்.

மறுநாள் காலை அக்கா பெரிய கடைக்கு முன்னால் போய் நின்றாள். தன்னந்தனியாக.

போலீஸ் வரவில்லை. அவளோடு சிறையில் இருந்த பெண்களே வந்து, "வாங்கக்கா, உங்களுக்கு உடம்பு சரியில்ல" என்று கையைப் பிடித்து இழுத்தார்கள். சிறையில் மூளை கலங்கிவிட்டது என்று தெருவெல்லாம் பேச்சு. ஜனங்கள் அவளை விட்டு விலகிக் கடைக்குள் போனார்கள். தினமும் வீட்டுக்கு வந்ததும் அவள் மாமாவிடம் ஒன்றைத்தான் கேட்டாள்.

"நான் சொன்னா பைத்தியம்ங்கறாங்க. நீங்க வெளியில வந்து ஒரு வார்த்தை சொல்லுங்க. உங்க கையை நம்புவாங்க."

"பாப்போம்" என்பார் மாமா. ஐந்து நாளும் அதே பதில். கடைப்பக்கம் திறக்கும் பின்கட்டு ஜன்னலின் சந்து வழியாக, வாசலில் நின்ற அவள் முதுகைப் பார்த்துக்கொண்டே குத்தினாராம். அந்த ஐந்து நாளில் குத்திய முத்திரைகளில் பாதி கோணல்.

ஆறாம் நாள் அவள் வரவில்லை. மத்தியானம் சாப்பிடப் போன மாமாதான் பார்த்தார். குளித்து, தலை வாரி, கிளம்பத் தயாராகக் கதவோரம் சாய்ந்து உட்கார்ந்த வாக்கிலேயே போயிருந்தாள்.

ஊர்வலம் பெரிதாக நடந்தது. தியாகி என்றார்கள். முதலாளியும் வந்தார், மாலையோடு. மாமா பத்து நாளில் வேலைக்குப் போனார். வெள்ளைக்காரன் போன பிறகும் அதே கடை, அதே பின்கட்டு. கை நடுங்க ஆரம்பித்ததும் நிறுத்திவிட்டார்கள்.

அதன்பிறகு சாயங்காலங்களில் என் தையல் கடைக்கு வந்து உட்கார்ந்திருப்பார். அதே தெருவில், பெரிய கடைக்கு நேரெதிரில்தான் என் மிஷின் அக்கா நின்ற நாட்களிலும் இருந்தது. அப்போதும் அந்தப் பெரிய கடையிலிருந்துதான் எனக்குத் தையல் வேலையும் வந்துகொண்டிருந்தது. ஒருநாள் திடீரென்று சொன்னார்.

"பயந்துதான் வெளியில வரல, மாப்ளே. அதைக்கூட யார்கிட்ட வேணா சொல்லிடுவேன். ஆனா ஆறாம் நாள் ஜன்னல் வழியா பாத்தேன், அவ இல்ல. அப்பாடான்னு இருந்துச்சு. அதை யார்கிட்ட சொல்லுவேன்?"

நான் ஊசியில் நூல் கோர்த்துக்கொண்டிருந்தேன். அன்றைக்கு எனக்கும் அப்படித்தான் இருந்தது என்று அவரிடம் சொல்லவில்லை.