வெள்ளைத் துவாய்

தொலைக்காட்சி நகைச்சுவை நாடகத்தில் எனக்கு முதலில் கிடைத்தது ஒரேயொரு வசனம்: "ஓம் ஐயா." பத்து வருடம் மேடையில் சனத்தைச் சிரிக்க வைத்தவனுக்கு இவ்வளவுதானா என்று பற்றிக்கொண்டு வந்தது. பொறுக்க முடியாமல் தயாரிப்பாளரிடம் போய் எங்கள் பக்கத்து வழக்கம் ஒன்றைச் சொன்னேன்.

மூதூர் இறங்குதுறையிலிருந்து சனத்தை ஏற்றிக்கொண்டு லோஞ்ச் என்ற மோட்டார் படகு புறப்பட்ட பிறகு யாராவது வெள்ளைத் துணியை உயர்த்தி ஆட்டினால், கரையில் நோயாளி நிற்கிறார் என்று அர்த்தம். லோஞ்ச் திரும்பி வந்தே ஆகவேண்டும். திருகோணமலை ஆஸ்பத்திரிக்கு எங்களுக்குக் கிட்டின வழி கடல்தான்.

"அதை ஒரு சோம்பேறி தன்ர கத்தரிக்காய்ச் சாக்கை ஏத்துறதுக்கு ஆட்டினால் எப்பிடியிருக்கும்?" என்றேன். தயாரிப்பாளர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

அதன்பிறகு ஒவ்வொரு கிழமையும் ஒற்றைச் செருப்போடு ஓடிவந்து வெள்ளைத் துவாயை ஆட்டினேன். அட்டையில் செய்த லோஞ்ச் திரும்பி வந்தது. கார் பற்றரியில் தொலைக்காட்சி ஓடிய வீடுகளில் சனம் விழுந்து விழுந்து சிரித்தது. தோப்பூர்ச் சந்தையில் எனக்குத் தேத்தண்ணி சும்மா கிடைத்தது. தலைகால் தெரியாமல் திரிந்தேன்.

ஒருமுறை கட்டைபறிச்சானில் மனைவியின் தாய் வீட்டில் நின்றபோது, எங்கள் நாலு வயது மகளுக்குக் காய்ச்சல் ஏறி வலிப்பு வந்தது. கார் பிடித்து இறங்குதுறைக்கு ஓடினோம். அன்றைய கடைசி லோஞ்ச் கூப்பிடு தூரம் போயிருந்தது. பிள்ளையை மனைவியிடம் கொடுத்துவிட்டுத் தோளில் கிடந்த துவாயை எடுத்து ஆட்டினேன்.

லோஞ்சில் சனம் எழும்பி நின்று கை தட்டியது. ஒருவன் தன் சால்வையை எடுத்துத் திருப்பி ஆட்டினான்.

"இஞ்சருங்கோ, ஏன் சிரிக்கிறாங்கள்? வடிவா ஆட்டுங்கோ!" என்று மனைவி கத்தினாள்.

இடுப்பளவு தண்ணீரில் இறங்கி ஆட்டினேன். செருப்பு ஒன்று சேற்றோடு போனது. "நாசமாய்ப் போவாங்களே, என்ர பிள்ளையடா!" என்று அலறினேன். கைதட்டல் கூடியது. லோஞ்ச் போய்விட்டது.

மீன்பிடி வள்ளமொன்றில் தண்டு வலித்துப் போனோம். குடாவின் நடுவில், தாயின் மடியிலேயே பிள்ளையின் மூச்சு நின்றது.

மூன்றாம் நாள் லோஞ்ச் ஓட்டி வாசலில் வந்து நின்று அழுதான். "அண்ணை, வெள்ளையைக் கண்டால் எந்த நாளும் திருப்புறனான். நீங்கள் பகிடி விடுறியள் எண்டு நினைச்சிட்டன்."

அடிக்கத்தான் எழும்பினேன். ஆனால் அந்தத் துணியைப் பகிடியாக்கியவன் நானல்லவா? பாவி, நானேதான். திரும்பவும் உட்கார்ந்துவிட்டேன்.

இரண்டு மாதம் கழித்துத் திரும்பவும் நாடகத்துக்குக் கூப்பிட்டார்கள். வேறு பிழைப்புத் தெரியாது, போனேன். துவாயை ஒரு தரம்தான் ஆட்டினேன். அட்டை லோஞ்ச் உடனே திரும்பி என் காலடியில் வந்து நின்றது.

"இப்ப என்னத்துக்கடா வாறியள்?" என்று கத்தினேன்.

எல்லோரும் சிரித்தார்கள். இனி ஒவ்வொரு கிழமையும் அந்த வசனத்தைச் சொல்லச் சொன்னார் தயாரிப்பாளர்.