இருந்து கேட்க ஒன்பது பாட்டு

சிவப்பு விளக்கு விழுந்ததும் ஸ்ரனிஸ்லாஸ் பல்லவியை எடுப்பார். பச்சை விழுந்ததும், சொல் பாதியில் தொங்கினாலும், விட்டுவிடுவார். சிட்னியில், வென்ட்வேர்த்வில்லிலிருந்து பரமட்டாவுக்கு அவர் ஓட்டும் பஸ்ஸில் பத்தொன்பது வருடமாக இதுதான் வழக்கம். இடையில் வரும் வயலினையும் அவரே வாயால் வாசிப்பார். தபேலாவுக்கு ஸ்டியரிங் இருக்கிறது. பயணிகள் யாரும் இதுவரை முறையிட்டதில்லை. ஒரு சீன மூதாட்டி மட்டும் இறங்கும்போது இரண்டு முறை "தாங்க் யூ" சொல்வாள். ஒன்று பயணத்துக்கு, மற்றது பாட்டுக்கு என்று அவர் நம்புகிறார். ஒருவழியாகப் பாட்டை நிறுத்தியதற்காகவும் இருக்கலாம்.

ஐம்பத்தெட்டு வயது. சொந்த இடம் இலங்கையின் மன்னார். சிட்னித் தமிழர் வீடுகளில் கல்யாணமோ பிறந்தநாளோ வந்தால், கேக் வெட்டிய கையோடு மைக் இவரிடம் வந்துவிடும். மினுங்கும் கோட்டைப் போட்டுக்கொண்டு பொப் பாட்டுப் பாடுவார். ஊர் அவரை 'டிஸ்கோ ஸ்ரனி' என்கிறது. அந்தப் பெயரைக் கேட்டாலே அவருக்கு எரிச்சல் வரும். வட்ஸப்பில் தம் பெயரை அப்படித்தான் போட்டிருக்கிறார். "தேடுற ஆக்கள் கஷ்டப்படக் கூடாதெல்லோ."

ஆட வைப்பதில் பேரெடுத்த மனிதருக்கு ஆடுகிறவர்களைக் கண்டால் ஆகாது. மூன்றாவது பாட்டுக்குள் மண்டபமே எழுந்துவிடும். "கொஞ்சம் இருந்து கேளுங்கோவன்" என்று மைக்கிலேயே கெஞ்சுவார். சனம் அதையும் பாட்டின் ஒரு வரியென்று எடுத்துக்கொண்டு, திருப்பிச் சொல்லிச் சொல்லி ஆடும்.

ஆகவேதான் இந்த அல்பம். அதன் பெயரே 'இருந்து கேளுங்கள்'. மொத்தம் ஒன்பது பாட்டு. பாதி, மன்னார்த் தேவாலய முற்றங்களில் நடிக்கப்படும் வாசாப்பு என்ற நாடகத்தின் பாட்டுகள். மீதி, மூன்று தலைமுறை முணுமுணுத்துப் பழகிய காதல் பாட்டுகள். துள்ளல் ஒரு இடத்திலும் இருக்கக் கூடாது என்பது தீர்மானம். இதற்கு முன் அவர் அல்பம் எதுவும் போட்டதில்லை. என்றாலும் கேட்கிறவர்களிடம் "இது என்ர ஆரம்பகால அல்பம்" என்றுதான் சொல்கிறார். "பிறகு வாறதுகள் வேற மாதிரி இருக்கும். அப்பத்தான் சனம் இதைத் தேடிக் கேக்கும்."

"ஆரம்பகாலம் முடிய பென்ஷன் வந்திடும்" என்றார் அவர் மனைவி இரஞ்சிதம். முதியோர் இல்லமொன்றில் தாதியாக இருக்கிறார். எதையும் மெல்லிய குரலில், ஊசி போடுகிற கணக்கில்தான் சொல்வார்.

இத்தனைக்கும் மூலகாரணம் சவிரிமுத்து மாஸ்டர். தேவாலயத்துப் பாடகர் குழாமை நடத்துகிறவர். "ஸ்ரனி நல்லாத் துள்ளுவான். பாட்டு வேற" என்று ஒருநாள் பூசை முடிந்து தேநீர் குடிக்கும்போது சொன்னார். சொல்லிப் பதினோரு வருடமாகிறது. சொன்னவர் தேநீரோடு மறந்துவிட்டார். அந்த மாஸ்டர்தான் இப்போது வெளியீட்டுக்கு வந்து, மேடையில் முதல் பிரதியை வாங்கச் சம்மதித்திருக்கிறார்.

பதிவு நடந்தது பிரதீப்குமாரின் கராஜில். கோயம்புத்தூரிலிருந்து வந்து ஏழு மாதம் ஆன இளைஞர். வார நாள்களில் மென்பொருள், சனிக்கிழமைகளில் ஒலிப்பதிவு. ஸ்ரனிஸ்லாஸுக்குச் சுருதிப் பெட்டி ஓடத் தொடங்கினால் பேச்சு வராது. தண்ணீர் வேண்டுமா, விசிறியை நிறுத்தவா, எதைக் கேட்டாலும் கண்ணை மூடியபடி, அந்தச் சுருதியிலேயே பதில் சொல்வார். பிரதீப்குமார் இதைக் கவனித்திருந்தார். பெரிய வித்வான்களின் பழக்கம்போலும் என்று மரியாதையும் வைத்திருந்தார்.

திங்கட்கிழமை சீடி அடிக்கக் கொடுக்க வேண்டும். அதற்கு முந்திய சனிக்கிழமை காலை, முடித்த பாட்டுகளைக் கேட்கக் கணவனும் மனைவியும் கராஜுக்குப் போனார்கள்.

முதல் பாட்டு ஏரோதரசனின் வரவு. பைபிளில் பாலகர்களைக் கொல்லச் சொன்ன அதே ஏரோது. ஸ்பீக்கரில் முதலில் ஒரு கோயில் மணி அடித்தது. அடுத்து, மலைக் குகையிலிருந்து புறப்பட்டதுபோல, நீளமாகவும் கனமாகவும் "ஓம்ம்ம்" என்றது ஸ்ரனிஸ்லாஸின் குரல். அதன் பிறகே ஏரோது சபைக்கு வந்தான். இரண்டாவது பாட்டில் மணி, ஓம், காதல். மூன்றாவது, வாசாப்பில் வரும் கள் குடித்தவனின் பாட்டு. மணி, ஓம், ஏப்பம்.

"தம்பி, உதென்ன?"

"செமையா வந்திருக்குல்ல அங்கிள்? ஒன்பது பாட்டுக்கும் வச்சிருக்கேன். மணி மட்டும் நான் சேர்த்தது."

"நான் எப்பயப்பா ஓம் பாடினனான்?"

"ஒவ்வொரு பாட்டுக்கு முன்னாடியும் பாடுனீங்களே! நான் போலாமான்னு கேப்பேன், நீங்க கண்ணை மூடி ஓம்னு ஆரம்பிப்பீங்க."

"அது ஓம் இல்லை. ஓம்!"

"அதான் அங்கிள். ஓம்."

"ஐயோ, ஓம் எண்டா ஆமாம் எண்டு அர்த்தம் தம்பி!"

"அது எனக்கும் தெரியும் அங்கிள். ஸ்டேஷன் பக்கத்து இலங்கைக் கடைல எல்லாரும் ஓம்னுதான் சொல்றாங்க. ஆனா அவங்க யாரும் சுருதி சேர்த்துச் சொல்றதில்லையே."

இரஞ்சிதம் கைப்பையை முகத்தில் வைத்து அமுக்கிக்கொண்டார். பை குலுங்கியது.

"சிரிக்காதையும். மாஸ்டர் வாறார், பாதர் வாறார். மணியடிச்சு ஏரோதைக் கொண்டு வந்து விடவோ? துள்ளுறான் எண்ட மனிசன், இனி வேதம் மாறிட்டான் எண்டெல்லோ சொல்லும்!"

"ஒண்ணும் பிரச்சினையில்ல அங்கிள், பத்து நிமிஷத்துல வெட்டிடலாம்" என்று பிரதீப்குமார் முதலில் மணிகளைத் தூக்கினார், எதிரொலியையும் எடுத்தார். சரிபார்க்க மறுபடி ஓடவிட்டார். இப்போது ஓமும் பாட்டும் மட்டும், ஒன்றையடுத்து ஒன்றாக. ஓம் அசையாமல் நின்றது. அதைத் தொடர்ந்து வந்த ஏரோது, வரி முடியும் இடமெல்லாம் லேசாக இடுப்பை ஆட்டினான். காதலனும் ஆட்டினான். குடிகாரன் ஆட்டியதை மட்டும் மன்னிக்கலாம்.

கைப்பை கீழே இறங்கியது. இரஞ்சிதத்தின் முகத்தில் சிரிப்பில்லை.

"இஞ்சருங்கோ, ஒண்டு சொன்னால் கோவிக்கக் கூடாது."

"சொல்லும்."

"பாட்டுகளில இன்னும் துள்ளுறியள். ஓமில துள்ளேல்ல."

பிரதீப்குமார் கீபோர்டில் இல்லாத தூசியைத் துடைத்தார். ஸ்ரனிஸ்லாஸ் அந்த மூன்றையும் இன்னொருமுறை போடச் சொன்னார். கேட்டார். கோபம் வரவில்லை, வந்திருந்தால் வசதியாக இருந்திருக்கும். அந்த ஓமை மாஸ்டருக்கு மட்டும் தனியாகப் போட்டுக் காட்ட முடிந்தால் பதினோரு வருட வழக்கு அன்றோடு தீர்ந்துவிடும். ஆனால் ஏரோதுக்கு முன்னால் ஓமை நிறுத்தி மாஸ்டர் முகத்தில் விழிப்பது எப்படி?

"வெட்டும்" என்றார்.

பிரதீப்குமார் ஒவ்வொன்றாகத் திரையில் பிடித்து, "இதை வெட்டலாமா அங்கிள்?" என்று கேட்டார். பின்னணியில் சுருதி ஓடிக்கொண்டிருந்ததால் ஸ்ரனிஸ்லாஸ் வாயை இறுக மூடிக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினார். ஏரோதின் ஓம் போயிற்று. காதலனுடையது போயிற்று. குடிகாரனுடையது போனபோது இரஞ்சிதமே "பாவம்" என்றார். இப்படி எட்டு.

ஒன்பதாவது, பிள்ளையைப் பறிகொடுத்த தாயின் ஒப்பாரி. மாலையாகி, தொண்டை களைத்த பிறகு பாடியது. அதன் ஓம் மற்றவற்றைவிடத் தாழ்ந்திருந்தது. முடிகிற இடம் தெரியாமல் ஒப்பாரிக்குள் இறங்கியது.

"இதையும் வெட்டிடவா அங்கிள்?"

ஸ்ரனிஸ்லாஸ் கதிரையிலிருந்து எழுந்து வந்தார். மவுஸின் மேல் இருந்த பிரதீப்குமாரின் சுட்டுவிரலை, சூடான பாத்திரத்தின் மூடியைத் தூக்குவதுபோல இரண்டு விரலால் தூக்கி, மேசை ஓரத்தில் வைத்தார்.