நிற்காத கல்யாணச் சந்தா

இறந்துபோன இராசநாயகத்தின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு முடிந்த மறுநாள் அவருடைய கைபேசிக்கு வங்கிச் செய்தி வந்தது. மணமகன் தேடும் இணையத்தளம் இந்த மாதச் சந்தாவையும் கழித்திருந்தது.

தனக்கு மாப்பிள்ளை தேடவேண்டாமென்று மகள் உதயகலா சண்டை பிடித்த அன்றே, சண்டிலிப்பாயில் புகையிலை பயிரிட்ட இராசநாயகம் அந்தத் தளத்தின் செயலியை அழித்திருந்தார்.

“அப்பா அதை அப்பவே அழிச்சிட்டாரே பிள்ளை?” என்றாள் தாய் குணலட்சுமி.

“போனிலை அழிச்சால் காசு நிக்காதம்மா. தளத்துக்குள்ளை போய்ச் சந்தாவை நிப்பாட்டவேணும்.”

கணினிப் பொறியியலாளரான உதயகலா தளத்துக்குள் போனாள். தளம் காரணம் கேட்டது. ‘திருமணம் நிச்சயமாகிவிட்டது’, ‘பிறகு தொடர்வேன்’ என்று இரண்டே தெரிவுகள். சாவுக்கு இடமில்லை. முதலாவதை அழுத்தினாள். திரையில் பூக்கள் சொரிந்தன. தந்தையின் கடமை நிறைவேறியதற்கு வாழ்த்து வந்தது.

“நிண்டிட்டுதோ?”

“ஓம். இனி அப்பாவிட்டை ஒருத்தரும் காசு கேக்கமாட்டினம்.”